வாய் திறவாத வீடுகள்: போலந்து சினிமாவில் விலக்கப்பட்ட குடும்ப உறவுகள்

ஒரு தந்தை வெளிநாட்டுப் பயணம் கிளம்புகிறார். அவர் வீட்டில் விட்டுச்சென்ற உறையொன்று மகளின் கையில் கிடைக்கிறது. தன் மரணத்துக்குப் பிறகே அதைத் திறக்க வேண்டும் என்று அதன்மேல் எழுதிவைத்திருக்கிறார். உள்ளே இன்னோர் உறை. மகளைப் பெற்றெடுத்த சில நாட்களில் இறந்துபோன தாய், அவளுக்கென்று எழுதிய கடிதம் அதில் இருக்கிறது. 1989 டிசம்பரில் போலந்துத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பாகத் தொடங்கிய கிரிஸ்டோஃப் கீஸ்லோவ்ஸ்கியின் 'டெகலாக்' (பத்துக் கட்டளைகள்) தொடரில் நான்காம் படம் இந்தக் கடிதத்தைச் சுற்றியே நகர்கிறது. அந்த மனிதர் தன் தந்தைதானா? இல்லையென்றால் அவர்மேல் தனக்கு இருக்கும் உணர்வுக்கு என்ன பெயர்? இந்த இரண்டு கேள்விகளையும் மகள் வாய்விட்டுக் கேட்டுவிடுகிறாள்.

முப்பத்து மூன்று ஆண்டுகள் கழித்து, 2022இல், தொமாஷ் வாஷிலெவ்ஸ்கியின் 'முட்டாள்கள்' திரைப்படம் கடற்கரையோரம் தனித்து வாழும் ஒரு தம்பதியைக் காட்டியது. அவர்கள் தாயும் மகனும் என்பது மெல்ல மெல்லத்தான் நமக்குப் புலப்படுகிறது. இந்த இரு படங்களுக்கும் இடைப்பட்ட காலத்தில் அண்ணன்–தங்கை, அக்கா–தம்பி, தாய்–மகள், தந்தை–மகன் என்று குடும்பத்தின் எல்லா மூலைகளுக்குள்ளும் போலந்து சினிமா விளக்கோடு நுழைந்திருக்கிறது. கத்தோலிக்க நம்பிக்கை ஆழ வேரூன்றிய, குடும்பத்தைத் தேசத்தின் உயிர்நிலையாகக் கருதும் ஒரு நாட்டில் இது எப்படி நடந்தது? இந்தப் படங்கள் உண்மையில் எதைப் பேசுகின்றன?

இந்தப் படங்களின் அக்கறை விலக்கப்பட்ட செயலைவிட, அதைச் சூழ்ந்திருக்கும் மௌனத்தின் மேல்தான் இருக்கிறது என்பது இக்கட்டுரையின் வாதம். யாருக்குத் தெரியும், யார் மறைக்கிறார்கள், மறைப்பதற்கான விலையை யார் கொடுக்கிறார்கள் என்ற மூன்று கேள்விகளை அவை திரும்பத் திரும்ப எழுப்புகின்றன. ஒரு படம் எவ்வளவு நேர்மையானது என்பதையும் மூன்றாவது கேள்விக்கு அது தரும் பதிலை வைத்தே அளக்க முடியும்.

கோயிலாக்கப்பட்ட வீடு

1795இல் ரஷ்யா, பிரஷ்யா, ஆஸ்திரியா ஆகிய மூன்று வல்லரசுகளும் போலந்தை முழுமையாகப் பங்கிட்டுக்கொண்டன. 1918வரை அப்படியொரு நாடு வரைபடத்திலேயே இல்லை. மொழியையும் மதத்தையும் நினைவுகளையும் காப்பாற்றும் பொறுப்பு வீட்டின்மேல், அதிலும் தாயின்மேல் விழுந்தது. கவிஞர் ஆதாம் மிட்ஸ்கியேவிச் 1830இல் போலந்துத் தாயை விளித்து எழுதிய கவிதையிலிருந்து 'போலந்துத் தாய்' என்ற உருவம் தேசத்தின் பொது நினைவில் நிலைத்துவிட்டது. போராட்டத்தில் மடியப்போகும் மகனை வளர்த்து ஆளாக்குபவள் அவள். 1901இல் பிரஷ்ய ஆட்சியிலிருந்த வ்ஷெஷ்னியா ஊரில், மதப் பாடத்தை ஜெர்மன் மொழியில் படிக்க மறுத்த பள்ளிக் குழந்தைகள் அடிக்கப்பட்டார்கள். பெற்றோர் கொதித்தெழுந்தார்கள். அரசின் பள்ளி அந்நியமானது, வீடே நம்முடையது என்ற உணர்வு இப்படித்தான் உரமேறியது.

இரண்டாம் உலகப் போருக்குப் பின் வந்த கம்யூனிஸ்ட் ஆட்சியிலும் இந்தப் பிரிவினை மாறவில்லை. வெளியே பேசக்கூடாதவற்றை வீட்டுக்குள் பேசலாம். ஆனால் வீட்டுக்குள் நடப்பவற்றை வெளியே பேசக்கூடாது. கட்சி, தணிக்கை, உளவுத்துறை ஆகியவற்றுக்கு எதிரான அரணாக வீடு இருந்ததால், அந்த அரணுக்குள் நடக்கும் கொடுமையைச் சொல்வது காட்டிக்கொடுப்பதைப்போல ஆகிவிட்டது. 1989க்குப் பின் ஆட்சி மாறியது, வீட்டின் புனிதம் சட்ட வடிவம் பெற்றது. 1997ஆம் ஆண்டின் அரசியலமைப்பு, 18ஆம் பிரிவில், திருமணத்தையும் குடும்பத்தையும் தாய்மையையும் அரசின் பாதுகாப்பில் வைத்தது. அதே ஆண்டு இயற்றப்பட்ட தண்டனைச் சட்டத்தின் 201ஆம் பிரிவு, நேர்வழி உறவினர், உடன்பிறந்தோர், தத்தெடுத்தவர்–தத்துப்பிள்ளை ஆகியோருக்கு இடையிலான பாலுறவுக்கு மூன்று மாதம் முதல் ஐந்தாண்டுவரை சிறைத் தண்டனை விதிக்கிறது.

இந்தப் பிரிவைப் பற்றி விவாதிப்பதே எவ்வளவு கடினம் என்பதற்கு 2014 ஒரு சான்று. உடன்பிறந்த வயதுவந்தோருக்கு இடையிலான உறவைக் குற்றப் பட்டியலிலிருந்து நீக்கலாம் என்று ஜெர்மனியின் அறநெறி மன்றம் அந்த ஆண்டு பரிந்துரைத்தது. போலந்திலும் இதை விவாதிக்க வேண்டும் என்று தத்துவப் பேராசிரியர் யான் ஹார்ட்மன் எழுதினார். மதச் சார்பின்மையைக் கொள்கையாக அறிவித்துக்கொண்ட அவருடைய கட்சியே அவரை வெளியேற்றியது. இன்னொரு சான்று 2020. பெண்களுக்கு எதிரான வன்முறையையும் குடும்ப வன்முறையையும் தடுப்பதற்கான இஸ்தான்புல் உடன்படிக்கையைப் போலந்து 2015இல் ஏற்றிருந்தது. அதிலிருந்து விலகும் நடவடிக்கையைத் தொடங்கப்போவதாக அந்நாட்டு நீதித்துறை அமைச்சர் 2020 ஜூலையில் அறிவித்தார். குடும்பத்தைக் காப்பது என்றால் அதன் உறுப்பினரைக் காப்பதா, அதன் பெயரைக் காப்பதா என்ற மோதல் அங்கே இன்றும் தீரவில்லை.

இளவரசர்களிடமிருந்து அடுக்குமாடிக்கு

கம்யூனிஸ்ட் ஆட்சியின் கடைசி ஆண்டுகளில் இத்தகைய உறவுகள் திரையில் வந்தபோது, தொலைவு என்ற திரைச்சீலைக்குப் பின்னால் நின்றே வந்தன. 1987இல் வெளியான ஃபிலிப் பயோனின் 'மக்னாட்' ஓர் எடுத்துக்காட்டு. அதன் கதை, சைலேஷியாவின் ப்ஷ்சினாவில் வாழ்ந்த ஹோஹ்பெர்க் என்ற ஜெர்மன் பிரபுக் குடும்பத்தின் வரலாற்றைத் தழுவியது. அந்தக் குடும்பத்தில் முதிய இளவரசரின் இரண்டாம் மனைவியை அவருடைய இளைய மகனே பின்னாளில் மணந்துகொண்டார். படத்திலும் மகனுக்கும் மாற்றாந்தாய்க்கும் இடையே காமம் பற்றிக்கொள்கிறது. பார்வையாளரை அது பெரிதாக உறுத்தவில்லை. பிரபுக்கள், ஜெர்மானியர்கள், அழிந்துபோன உலகத்தினர் என்று தன்னிலிருந்து அவர்களை விலக்கிவைக்க எல்லா வசதிகளும் இருந்தன.

கீஸ்லோவ்ஸ்கியும், அவருடன் சேர்ந்து திரைக்கதை எழுதிய வழக்கறிஞர் கிரிஸ்டோஃப் பியெசியேவிச்சும் இந்த வசதியைப் பறித்தார்கள். 'டெகலாக்'கின் பத்துப் படங்களும் வார்சாவின் ஒரே அடுக்குமாடிக் குடியிருப்பில் நிகழ்கின்றன. லிஃப்டில் ஒருவரையொருவர் கடந்துபோகும் மருத்துவர், பேராசிரியர், டாக்ஸி ஓட்டுநர்தான் அதன் மாந்தர்கள். அன்றைய போலந்தில் சொந்த வீட்டுக்காகப் பெயர் பதிந்துவிட்டுப் பத்தாண்டுக்கு மேல் காத்திருந்தவர்கள் ஏராளம். மணமான பிள்ளைகளும் பெற்றோருடன் இரண்டு அறைகளில் நெருக்கியடித்து வாழ்ந்தார்கள். சுவர் மெலிந்த இந்த வீடுகளில் ஒருவர் மூச்சு மற்றவருக்குக் கேட்கும். அதனாலேயே சொல்லாமல் இருப்பது ஒரு வாழ்முறையாகிறது.

நான்காம் படத்தின் தொடக்கத்தில் ஈஸ்டர் திங்கள். ஒருவர்மேல் ஒருவர் தண்ணீர் ஊற்றி விளையாடும் பழைய போலந்து வழக்கப்படி, மகள் ஆன்காவும் தந்தை மிஹாவும் ஒருவரையொருவர் நனைத்துக்கொள்கிறார்கள். இந்தச் சிரிப்பில் பிழையேதும் இல்லை. ஆனால் அந்த நெருக்கத்தில் கொஞ்சம் கூடுதலான வெப்பம் இருப்பதைக் கேமரா கவனித்துவிடுகிறது. கடிதத்தைக் கண்டெடுத்த ஆன்கா அதைத் திறக்காமலே தாயின் கையெழுத்தைப் பழகுகிறாள். அவள் நாடகப் பள்ளி மாணவி. மிஹாவ் திரும்பிவரும்போது, விமான நிலையத்தில், தானே புனைந்த கடிதத்தை மனப்பாடமாகச் சொல்கிறாள்: அவர் அவளுடைய தந்தை இல்லை என்று. அவர் அவளை அறைந்துவிடுகிறார்.

அன்றிரவு நடக்கும் உரையாடல் போலந்து சினிமாவின் மிகத் துணிச்சலான காட்சிகளுள் ஒன்று. யானுஷ் காயோஸ், அட்ரியானா பியெட்ஷின்ஸ்கா இருவரின் நடிப்பும் அதைத் தாங்கி நிற்கிறது. எந்த ஆணோடு இருந்தாலும் யாருக்கோ துரோகம் செய்வதைப்போல உணர்ந்ததாக ஆன்கா சொல்கிறாள். அவள் வளர வளரத் தான் ஏன் அடிக்கடி பயணம் போனேன் என்பதை மிஹாவும் ஒப்புக்கொள்கிறார். உணர்வு இருபக்கமும் இருந்திருக்கிறது. ஆனாலும் அவள் மேலாடையைக் கழற்றி நிற்கும்போது அவர் அவளைப் போர்த்திவிடுகிறார். அவர் தந்தையா என்பது இன்னும் நிரூபணமாகாத நிலையில் அந்தச் செயல் நிகழ்கிறது என்பதுதான் இங்கே முக்கியம். ரத்தம் எதைச் சொன்னாலும், அவளை வளர்த்தவன் என்ற பொறுப்பை அவர் கைவிடவில்லை.

மறுநாள் காலை, கடிதத்தைத் திறக்கவே இல்லை என்ற உண்மையை ஆன்கா சொல்லிவிடுகிறாள். இருவரும் சேர்ந்து அதை எரிக்கிறார்கள். மிஞ்சிய துண்டில் இருக்கும் வாசகம் முடிவடையாமல் நிற்கிறது. படம் விடையைத் தரவில்லை என்று சிலர் குறைப்படலாம். உண்மையில் அது தெளிவான விடையைத் தருகிறது. தந்தை என்பது தினமும் புதுப்பிக்க வேண்டிய ஒரு முடிவு. அம்முடிவை எடுக்கும் கடமை மூத்தவருடையது. தாய் தந்தையரைப் போற்றுவாயாக என்ற கட்டளையை இப்படம் தலைகீழாகப் படிக்கிறது: போற்றுதலுக்கு உரியவராகத் தந்தை நடந்துகொள்ள வேண்டியிருக்கிறது.

தாய் யார்?

ஏழாம் 'டெகலாக்' படத்தில் காமத்துக்கு இடமில்லை. ஆனால் விலக்கு அதே அளவுக்குக் கடுமையானது. மாய்கா பதினாறு வயதில், தன் பள்ளி ஆசிரியர் ஒருவரால் கர்ப்பமானவள். அந்தப் பள்ளியின் தலைமையாசிரியை மாய்காவின் தாய் ஏவா. ஊருக்குத் தெரியாமல் விவகாரத்தை முடிக்க, பிறந்த குழந்தை ஆனியாவைத் தன் குழந்தை என்றே பதிந்து ஏவா வளர்க்கிறாள். பெற்றவள் அக்காவாகிறாள், பாட்டி அம்மாவாகிறாள். ஆறு ஆண்டுகள் கழித்து மாய்கா தன் சொந்த மகளையே கடத்திக்கொண்டு போகிறாள். திருடாதே என்ற கட்டளையைச் சொல்லும் படம் இது. திருடியவள் யார் என்ற கேள்வி மட்டும் கடைசிவரை உறுதியாக நிற்பதில்லை.

பதினாறு வயதுப் பெண்ணைக் கர்ப்பமாக்கிய ஆசிரியரிடம் கணக்குக் கேட்கப்படவில்லை. குடும்பத்தின் மதிப்பு காப்பாற்றப்பட்டது. ஆனால் மாய்காவின் தாய்மை பறிபோனது. தன்னை அம்மா என்று அழைக்கும்படி அவள் குழந்தையிடம் கேட்கும்போது, ஆனியாவின் வாயிலிருந்து அந்தச் சொல் வருவதில்லை. ரயில் நிலையத்தில் ஏவாவைக் கண்டதும் 'அம்மா' என்று குழந்தை ஓடுகிறது. மாய்கா ரயிலேறிப் போய்விடுகிறாள். போன பிறகுதான், அந்த ரயிலின் பின்னால் குழந்தை ஓடுகிறது.

யகோடா ஷெல்ட்ஸ் இயக்கிய 'கோபுரம். ஒளிமிகு நாள்' (2017) கிட்டத்தட்ட இதே முடிச்சை வேறு வகையில் அவிழ்க்கிறது. மூலா வளர்க்கும் சிறுமி நினாவுக்கு முதல் நற்கருணை விழா. உறவினர் கூடுகிறார்கள். பல ஆண்டுகள் காணாமல் இருந்த தங்கை காயாவும் வருகிறாள். நினா உண்மையில் காயா பெற்ற பிள்ளை. குழந்தையிடம் எதையும் சொல்லிவிடக்கூடாது என்பது மூலா விதிக்கும் நிபந்தனை. விருந்துப் பேச்சு, சமையல், தேவாலய ஒத்திகை என்று எல்லாம் இயல்பாக நடந்துகொண்டிருக்க, ஒலியிலும் படத்தொகுப்பிலும் ஏதோ பிசகிக்கொண்டே வருகிறது. குடும்ப நாடகமாகத் தொடங்கிய படம் திகில் படத்தின் எல்லையைத் தொட்டு முடிகிறது. கீஸ்லோவ்ஸ்கி அறச் சிக்கலாகக் கண்டதை ஷெல்ட்ஸ் அச்சமாகக் காண்கிறார். அடக்கிவைத்த உண்மை அங்கே வீட்டையும் தாண்டி, அந்த மலைப்பகுதி முழுவதையும் தொற்றுகிறது.

அக்னியேஷ்கா ஸ்மொசின்ஸ்காவின் 'ஃபூகா' (2018) இந்த வரிசையில் ஒரு படி முன்னே போகிறது. கதையை எழுதி நாயகியாகவும் நடித்தவர் கப்ரியேலா முஸ்காவா. நினைவிழந்த ஒரு பெண்ணை இரண்டு ஆண்டுகளுக்குப் பின் குடும்பம் கண்டுபிடித்து வீட்டுக்கு அழைத்துவருகிறது. கணவனும் சிறு மகனும் காத்திருக்கிறார்கள். அவளுக்கோ அவர்கள் அந்நியர்கள். தாய் தன் பிள்ளையை நேசிக்காமல் இருக்க முடியும் என்ற எண்ணத்தைச் சகிப்பது, போலந்துத் தாயின் உருவத்தை வழிபடும் சமூகத்துக்கு எளிதல்ல. தகாப் புணர்ச்சியைப் போலவே இதுவும் பேசக்கூடாதவற்றின் பட்டியலில் இருந்தது. இந்தப் படங்களில் பெண் கலைஞர்களின் கை ஓங்கியிருப்பது தற்செயல் அல்ல. தாய்மையின் சுமையை உள்ளிருந்து சொல்லக்கூடியவர்கள் வந்த பிறகுதான் அந்தச் சிலைக்கு உயிரும் களைப்பும் கோபமும் கிடைத்தன.

அடியின் பரம்பரை

2005இல் போலந்துத் திரைப்பட நிறுவனம் உருவாகி, இளம் இயக்குநர்களுக்கு நிலையான நிதி கிடைக்கத் தொடங்கியது. அதற்கு ஓராண்டு முன்பே மக்தலேனா பியேகொஷின் 'தழும்புகள்' க்டினியா திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருதைப் பெற்றிருந்தது. வொய்சியேஹ் குச்சொக் எழுதி, நாட்டின் முதன்மையான நிக்கே இலக்கிய விருதை வென்ற நாவலைத் தழுவிய படம் அது, திரைக்கதையும் அவருடையதே. மகனை அடித்தே வளர்க்கும் தந்தையாக யான் ஃப்ரிச் நடித்தார். அந்தத் தந்தை குடிகாரரோ கயவரோ அல்ல. ஒழுக்கமானவர், இசை கேட்பவர், தான் செய்வது அன்பு என்று உறுதியாக நம்புபவர். அந்த நம்பிக்கைதான் படத்தைத் தாங்க முடியாததாக்குகிறது.

படத்தின் இரண்டாம் பகுதியில் மகன் வளர்ந்த ஆணாக வருகிறான். குகைகளை ஆராய்வது அவனுக்குப் பிடித்த வேலை. நிலத்தடி இருளில் மட்டும்தான் அவனுக்கு நிம்மதி. தன்னை நேசிக்கும் பெண்ணிடம் அவன் எரிந்து விழும்போது குரலில் தந்தை பேசுகிறார். அடி ஒரு தலைமுறையோடு நிற்பதில்லை என்பதை மருத்துவ அறிக்கையைவிடத் தெளிவாக இப்படம் சொன்னது. குழந்தைகளை அடிப்பதைப் போலந்து சட்டம் முற்றிலுமாகத் தடைசெய்தது 2010 ஆகஸ்டில்தான். படம் வந்தபோது, பெற்றோர் பிள்ளையை அடிப்பது குற்றமா என்பதே பலருக்கு விவாதப் பொருளாக இருந்தது.

இவ்வரிசையில் இரு படங்கள் உண்மைச் சம்பவங்களிலிருந்து பிறந்தவை. யொவான்னா கோஸ்–க்ராவ்ஸ், கிரிஸ்டோஃப் க்ராவ்ஸ் தம்பதியின் 'இரட்சகர் சதுக்கம்' (2006) வீடு வாங்கப் பணம் கட்டி ஏமாந்த ஒரு குடும்பத்தின் கதை. கணவனின் தாய் வீட்டில் ஒண்டிக்கொள்ளும் மருமகள், சொற்களாலேயே நசுக்கப்பட்டு, பிள்ளைகளோடு சாகத் துணிகிறாள். பாவெல் சாலாவின் 'பூனைகளின் அன்னை தெரசா' (2010) தாயைக் கொன்ற இரு சகோதரர்களைக் காட்டுகிறது. கைதில் தொடங்கிக் காலத்தில் பின்னோக்கி நடக்கும் படம் அது. ஒவ்வொரு படியிலும் காரணத்தைத் தேடுகிறோம். போர்முனையிலிருந்து திரும்பிய தந்தையின் வெறுமை, மூத்தவனின் ஆதிக்கம், தம்பியின் பணிவு எனத் துணுக்குகள் கிடைக்கின்றன. எதுவும் கொலையை முழுதாக விளக்குவதில்லை. சகோதரர்களாக நடித்த மதேயுஷ் கொஷ்சியுகேவிச்சும் ஃபிலிப் கார்பாச்சும் கார்லோவி வாரி திரைப்பட விழாவில் நடிப்புக்கான விருதைப் பெற்றார்கள்.

தம்பியும் அக்காவும்

கொஷ்சியுகேவிச்சின் முகம் இரண்டே ஆண்டுகளில் மற்றொரு விலக்கப்பட்ட உறவின் முகமாகியது. ஃபிலிப் மார்செவ்ஸ்கியின் 'வெட்கமின்றி' (2012) படத்தில் அவர் தாதெக் என்ற பதினெட்டு வயது இளைஞன். 'தழும்புகள்' படத்தில் காயம்பட்ட ஆணை நேசித்த அக்னியேஷ்கா க்ரொஹோவ்ஸ்கா இதில் அவனுடைய மூத்த சகோதரி ஆன்கா. அவளைத் தாதெக் காதலிக்கிறான். அவளும் முழுமையாக விலக முடியாதவளாக இருக்கிறாள்.

கதை நிகழும் வவ்ப்ஷிஹ் நகரத்தைத் தெரிந்துகொண்டால்தான் படம் முழுமையாகத் திறக்கும். கீழ்ச் சைலேஷியாவின் நிலக்கரி நகரம் அது. 1990களில் சுரங்கங்கள் மூடப்பட்டபின் வேலையிழந்தவர்கள் உயிரைப் பணயம் வைத்துத் தாங்களே குழி தோண்டிக் கரியெடுத்தார்கள். மார்செவ்ஸ்கி இந்தச் சிதைவை நேரடியாகக் கதைக்குள் கொண்டுவருகிறார். ஆன்காவுக்கு நவநாஜிக் குழுத் தலைவன் ஒருவனோடு உறவு. தாதெக்கை விரும்பும் இர்மினா என்ற பெண் ரோமா சமூகத்தவள். அவளுக்கும் தன் சமூகத்தின் திருமணக் கட்டுப்பாடுகள் இருக்கின்றன. யார் யாரை நேசிக்கலாம் என்று ரத்தத்தின் பெயரால் தீர்மானிக்கும் இரண்டு ஒழுங்குகள் இப்படி எதிரெதிரே நிற்கின்றன. ஒன்று இனத் தூய்மையைக் கேட்கிறது, மற்றது குடும்ப எல்லையைக் கேட்கிறது. இரண்டையும் ஒரே தட்டில் வைக்க முடியாது என்று படம் சொல்லியிருக்க வேண்டும். அவ்விடத்தில் அது தயங்குகிறது.

இப்படத்தின் மென்மை பாராட்டுக்குரியது. உடன்பிறந்தவர்களைப் பிறழ்ந்தவர்களாகக் காட்டி அது கைகழுவவில்லை. ஆனால் வயதிலும் வாழ்க்கையிலும் மூத்தவளான ஆன்காவின் பொறுப்பு என்ன என்ற கேள்வியைக் காதல் கதையின் அழகு மறைத்துவிடுகிறது. 'டெகலாக்'கில் மிஹாவ் எடுத்த முடிவின் பாரம் இங்கே யார் தோளிலும் ஏறவில்லை. உறவு தவறாகிவிடுமோ என்ற பதற்றம் இருக்கிறது. தவறினால் யாருக்குக் காயம் என்ற சிந்தனை குறைவாக இருக்கிறது.

கடலோர வீடு

வாஷிலெவ்ஸ்கி 2016இல் 'காதலின் ஐக்கிய நாடுகள்' படத்தின் திரைக்கதைக்காக பெர்லின் திரைப்பட விழாவில் வெள்ளிக் கரடி விருதைப் பெற்றவர். ஆறு ஆண்டுகளுக்குப் பின் வந்த 'முட்டாள்கள்' கார்லோவி வாரியில் திரையிடப்பட்டது. மார்லேனாவாக டொரோட்டா கோலாக், அவளைவிடச் சுமார் இருபது வயது இளைய தொமாஷாக வூகாஷ் சிம்லாட். கரையில் அவர்கள் வீடு, சுற்றிலும் மணல்மேடு, ஓயாத அலை. ருமேனியப் புதிய அலைப் படங்களால் அறியப்பட்ட ஓலெக் முத்துவின் கேமரா அவர்களுடைய உடல்களை அவசரமின்றி, கூச்சமின்றிப் பார்க்கிறது. வயதேறிய பெண்ணுடலின் ஆசையைத் திரை இப்படிக் காட்டுவதே அரிது.

நோய் முற்றிச் சாகும் நிலையிலுள்ள மகன் மிக்கொவாயை மார்லேனா வீட்டுக்குக் கொண்டுவருகிறாள். தொமாஷுக்கு அது பிடிக்கவில்லை. காதலியின் மகன்மேல் காதலனுக்கு எழும் எரிச்சல் என்றே முதலில் தோன்றுகிறது. தொமாஷும் அவளுடைய மகன் என்று தெரியவரும்போது, நாம் பார்த்த ஒவ்வொரு காட்சியும் மறுபடி எழுதப்படுகிறது. வலியில் அலறும் நோயாளியின் குரல் தம்பதியின் தனிமையைக் கிழித்துக்கொண்டு எழுகிறது. உலகிலிருந்து விலகி வாழலாம் என்று அவர்கள் நம்பியிருந்தார்கள். ஆனால் அவர்கள் விட்டுவந்த குடும்பமே படுத்த படுக்கையாக வீட்டுக்குள் வந்துவிட்டது.

'டெகலாக்'கில் நெருக்கடியான அடுக்குமாடி உறவைத் திணறவைத்தது. இங்கே எல்லையற்ற கடல்வெளியும் அதே மூச்சுமுட்டலைத் தருகிறது. தண்டிக்க நீதிமன்றமோ சபிக்கப் பாதிரியாரோ இப்படத்தில் தேவைப்படவில்லை. தாய் ஒரு மகனைத் தேர்ந்தபோது மற்றப் பிள்ளைகள் தாயை இழந்தார்கள் என்பதே தண்டனை. வயதுவந்த இருவரின் சம்மதத்தோடு கணக்கு முடிந்துவிடாது, அதன் விலையைச் சம்மதம் கேட்கப்படாதவர்கள் கொடுக்கிறார்கள் என்ற இடத்தில் வாஷிலெவ்ஸ்கி கீஸ்லோவ்ஸ்கியின் அருகில் வந்து நிற்கிறார்.

ஆயினும் ஒரு கேள்வி மிஞ்சுகிறது. இந்த உறவு எப்போது, எந்த வயதில், யாருடைய ஆதிக்கத்தில் தொடங்கியது? படத்தின் பார்வை நிகழ்காலத்திலேயே நிலைகொண்டிருக்கிறது. தாய்க்கும் மகனுக்கும் இடையில் சமமான சம்மதம் என்று ஒன்று இருக்க முடியுமா என்பதைக் கேட்காமல் இந்தக் காதலை வெறும் காதலாக ஏற்பது கடினம்.

இன்னும் பேசாதவை

இங்கே இப்படங்கள் அனைத்தின் மேலும் ஒரு விமர்சனம் எழுகிறது. திரையில் தகாப் புணர்ச்சி பெரும்பாலும் வயதுவந்தோரின் துயரக் காதலாக வருகிறது. வாழ்க்கையில் அது பெரும்பாலும் ஒரு குழந்தையின்மேல் ஒரு பெரியவர் செலுத்தும் வன்முறை. காதலாகச் சொல்லும்போது பார்வையாளர் தன் அறத்தைச் சோதித்துப்பார்க்கலாம், அழகியலை ரசிக்கலாம். வன்முறையாகச் சொன்னால் அந்தச் சுகம் இல்லை. ஏழாம் 'டெகலாக்'கின் பள்ளி ஆசிரியர் தப்பித்துக்கொண்டதைப்போல, கதையின் வடிவமே சில வேளை குற்றவாளியைத் தப்பவைக்கிறது.

மௌனத்தை உடைத்தால் என்ன நடக்கும் என்பதற்குப் போலந்திலேயே ஒரு முன்மாதிரி உண்டு. 2019 மே மாதம், பாதிரியார்களால் சிறுவயதில் பாலியல் வன்முறைக்கு உள்ளானவர்களைப் பேசவைத்து, செகியேல்ஸ்கி சகோதரர்கள் எடுத்த 'யாரிடமும் சொல்லிவிடாதே' என்ற ஆவணப்படம் யூடியூபில் வெளியானது. அது இரண்டு கோடிக்கும் மேற்பட்ட முறை பார்க்கப்பட்டது. அதற்கு முந்தைய ஆண்டு வந்த பாதிரியார்களைப் பற்றிய வொய்சியேஹ் ஸ்மஷொவ்ஸ்கியின் 'க்லேர்' படத்தைத் திரையரங்குகளில் ஐம்பது லட்சத்துக்கும் மேற்பட்டோர் பார்த்திருந்தார்கள். தேவாலயத்தைப் பற்றிப் பேசவே முடியாது என்று நினைத்த நாட்டில் அது பேசப்பட்டது. அதே ஸ்மஷொவ்ஸ்கி 2025இல் 'நல்ல வீடு' என்ற படத்தில் கணவனின் வன்முறையை எடுத்துக்கொண்டு வீட்டு வாசலுக்கு வந்திருக்கிறார். ஆவணப்படம் செய்ததைக் கதைப்படம் குழந்தையின் இடத்திலிருந்து, வீட்டுக்குள்ளிருந்து செய்ய வேண்டிய வேலை மீதமிருக்கிறது.

முப்பதாண்டுகளுக்கு மேலாக இந்த இயக்குநர்கள் செய்துவந்திருப்பதைக் குடும்பத்துக்கு எதிரான பகை என்று சிலர் குற்றம்சாட்டக்கூடும். இப்படங்களை ஊன்றிப் பார்த்தவர்களுக்கு அந்தக் குற்றச்சாட்டு பொருந்தாது. மகளைப் போர்த்திவிடும் மிஹாவ், குழந்தையின் ஒரு சொல்லுக்காக ஏங்கும் மாய்கா, நோயாளி மகனைச் சுமந்துவரும் மார்லேனா ஆகியோரைப் படைத்தவர்கள் உறவின் அருமையை அறிந்தவர்களே. ரத்தம் தானாக யாரையும் தாயாகவோ தந்தையாகவோ ஆக்கிவிடாது. வலுவுள்ளவர் தன் வலுவைப் பயன்படுத்த மறுக்கும்போதுதான் உறவு பிறக்கிறது என்று அவர்கள் சொல்கிறார்கள். குடும்பத்தைப் புனிதமென்று சட்டத்தில் எழுதிவைப்பதால் அதற்குள்ளிருக்கும் குழந்தை பாதுகாப்பாகிவிடாது. அக்குழந்தை பேசினால் கேட்கும் காதுகள் இருக்க வேண்டும். அந்தக் காதுகளை உருவாக்கும் பொறுப்பைப் போலந்து சினிமா பாதித் தூரம் சுமந்திருக்கிறது; மீதித் தூரத்துக்கு அது ஆசையின் கதையிலிருந்து அதிகாரத்தின் கதைக்கு நகர்ந்தாக வேண்டும்.